திரைத்தமிழுக்கு இயல் தந்த இளங்கோவன்

இயல், இசை, நாடகம் எனத் தமிழை மூன்றாகப் பகுத்துப் போற்றினர் நம் முன்னோர். மூன்றும் ஒருங்கே நடைபயிலும் இடம் நாடக மேடை. மேடைக்குப் பின் அப்பேறு திரைப்படத்திற்கு வாய்த்தது. எனினும், தமிழ்ப் பேசும்படம் தோன்றிய காலத்தை நோக்குவார்க்கு ஒரு வியப்புத் தோன்றாமற் போகாது. படம் பேசுகிறது என்று பறைசாற்றினார்கள். ஆனால், அது பேசவில்லை, பாடிற்று. 1931 அக்டோபர் 31ஆம் நாள் வெளிவந்த 'காளிதாஸ்' படத்தில் நாயகி டி.பி. ராஜலட்சுமி தமிழில் பேச, நாயகன் தெலுங்கில் மறுமொழி கூறினார். மக்கள் அதனைக் குறையாகக் கொள்ளவில்லை. திரையிலிருந்து குரல் வருவதே அற்புதமாக இருந்த நாளில், அக்குரல் எம்மொழியில் என்ன சொல்கிறது என்று யார் கேட்கப் போகிறார்கள்? 1934இல் எம்.கே. தியாகராஜ பாகவதரின் முதற்படமாக வந்த 'பவளக்கொடி'யில் ஏறத்தாழ 50 பாடல்கள் இருந்தன. ஒரு பாட்டு முடிந்து மறு பாட்டுத் தொடங்கும் வரை மாந்தர் சில சொற்கள் பேசிக்கொண்டனர். அவ்வளவே பேச்சு.

இந்நிலையை மாற்றித் திரையில் பேச்சுக்கும் ஓர் இருக்கை இட்டவர் இளங்கோவன் என்னும் வசன ஆசிரியர் ஆவார். அவர் பெயர் இன்று எத்துணைப் பேருக்குத் தெரியும்?

எம் துறையின் முதுகலை வகுப்பில் ஒரு நாள் இதனைச் சோதித்துப் பார்த்தோம். 'பராசக்தி' படத்திற்கு வசனம் எழுதியவர் யார் என்று வினவினோம். கலைஞர் என்று வகுப்பே ஒரே குரலில் விடை தந்தது. 'வீரபாண்டிய கட்டபொம்மன்' என்றோம். சிலர் சற்றே தயங்கிச் சக்தி கிருஷ்ணசாமி என்றனர். 1942இல் வந்த 'கண்ணகி' என்றோம். வகுப்பு அமைதியாயிற்று. பின் வரிசையிலிருந்து ஒரு மாணவர் எழுந்து, 'இளங்கோவடிகள்' என்றார். எல்லாரும் நகைத்தனர். நாமும் நகைத்தோம். ஆனால், அம்மாணவர் சொன்ன பெயரில் பாதி சரியாக இருந்ததை எண்ணிய போது நகைப்பு நின்றுவிட்டது.

மேடைப் பேச்சும் திரைப் பேச்சும்

இளங்கோவனின் பணி இன்னதென விளங்கிக்கொள்ள, அவருக்கு முன்னர் மேடையில் பேச்சு எந்நிலையில் இருந்தது என்பதை அறிதல் வேண்டும். தவத்திரு சங்கரதாஸ் சுவாமிகள் மரபில் பாட்டே நாடகத்தின் உயிர். பாட்டு எழுத்தில் நிலைபெற்றிருக்கும். பேச்சோ பெரும்பாலும் நடிகரின் நாவன்மையைப் பொறுத்தது. தனித்தனியாக வந்து சேர்ந்த நடிகர்கள் ஓரிரவு கூடி நடிக்கும் 'ஸ்பெஷல்' நாடகங்களில் வள்ளியும் முருகனும் நெடுநேரம் தருக்கம் செய்வார்கள். அத்தருக்கத்தில் வெல்பவர் அன்றிரவின் அரசர். ஒருநாள் பேசியது மறுநாள் வராது. மறுபுறம் பம்மல் சம்பந்த முதலியார் உரைநடையில் முழு நாடகங்களை எழுதி, எழுதியவாறே நடிக்கச் செய்தார். இவ்விரு மரபுகளுள் தொடக்ககாலப் பேசும்படம் பற்றிக்கொண்டது முதல் மரபையே. புகழ்பெற்ற மேடைப் பாடகர்களே திரைக்கும் வந்தார்கள் என்பது அதற்குக் காரணம்.

மேடையில் நடிகரின் சமயோசிதம் அழகு. திரைக்கு அது ஆகாது. ஒலிவாங்கி ஒன்றே, அது எங்கே தொங்குகிறதோ அங்கே நின்று பேசவேண்டும். நடிக்கும் போதே குரலும் பதிவாயிற்று. ஒரு சொல் தடுமாறினால் அந்தப் படச்சுருள் வீண். ஆகவே, என்ன பேசுவது என்பதை முன்கூட்டியே எழுதி வைத்தாக வேண்டிய கட்டாயம் நேர்ந்தது. எழுதினார்கள். ஆனால், எழுதியவர்களிற் பலர் பேச்சை ஒரு தேவையாகக் கருதினரேயன்றி இலக்கியமாகக் கருதினாரல்லர். வடசொல் மிகுந்த மணிப்பிரவாள நடையும் அன்றாட வீட்டுப் பேச்சும் கலந்து, புராணத்துத் தேவர்களும் பட்டணத்து வீட்டுத் திண்ணையில் அமர்ந்தவர் போலப் பேசினார்கள். இசைக்கு ஒரு பாபநாசம் சிவன் கிடைத்தார். இயலுக்கு ஒருவர் வேண்டியிருந்தது.

பத்திரிகையிலிருந்து படத்திற்கு

இளங்கோவனின் இயற்பெயர் தணிகாசலம். 'தினமணி' நாளிதழில் பணியாற்றியவர். 'மணிக்கொடி' எழுத்தாளர்களுள் ஒருவராக எண்ணப்படுபவர். 'மணிக்கொடி' 1933இல் தோன்றியது, 'தினமணி' 1934இல். இரண்டின் தொடக்கத்திலும் டி.எஸ். சொக்கலிங்கத்தின் கை இருந்தது. நாளிதழ்த் தமிழ் எல்லார்க்கும் விளங்கவேண்டும். 'மணிக்கொடி'த் தமிழ் புதுமையாக இருக்கவேண்டும். இவ்விரண்டிற்கும் இடையே பழகிய கைதான் திரைக்கு வந்தது.

மணிக்கொடிக் குழுவினர்க்கும் திரைப்படத்திற்கும் உள்ள உறவைத் தமிழ் இலக்கிய வரலாறு எழுதுவோர் ஓரிரு வரிகளில் கடந்து செல்வது வழக்கம். சிறுகதைக்காரர் வயிற்றுப்பாட்டுக்காகச் சினிமாவுக்குப் போனார் என்பதே அவ்வரிகளின் சாரம். பி.எஸ். ராமையா சென்றார். புதுமைப்பித்தன் சென்றார், பாகவதரின் 'ராஜமுக்தி' படத்திற்கு எழுதுவதற்காகப் புனே நகரில் தங்கியிருந்த போது காசநோய் முற்றி, 1948 ஜூன் 30இல் மறைந்தார். அந்தத் துயரம் நம் மனத்தில் நிலைத்துவிட்டமையால், திரைப்படம் எழுத்தாளரை விழுங்கும் பூதம் என்னும் எண்ணமும் உடன் நிலைத்துவிட்டது. இளங்கோவன் நிலை வேறு. அவர்க்குத் திரை இடையில் வந்த வயிற்றுப்பாடு அன்று. அவருடைய முதன்மையான எழுத்தே திரைவசனந்தான். புதுமைப்பித்தனைச் சிறுகதையால் அறிவது போல இளங்கோவனை வசனத்தால்தான் அறிய முடியும். வசனத்தை இலக்கியமாக எண்ணாத வரை அவரை அறியவே முடியாது. இதுவே அவர்க்கு நேர்ந்த முதல் இழப்பு எனலாம்.

மாடத்தில் ஒரு காட்சி

1937இல் 'அம்பிகாபதி' வெளிவந்தது. இயக்கியவர் எல்லிஸ் ஆர். டங்கன் என்னும் அமெரிக்கர். தென் கலிபோர்னியப் பல்கலைக்கழகத்தில் தம்முடன் பயின்ற மாணிக்லால் டாண்டனுடன் 1935இல் இந்தியா வந்தவர். எம்.ஜி.ஆரின் முதற்படமான 'சதி லீலாவதி'யை 1936இல் இயக்கியவரும் அவரே. தமிழ் அறியாதவர். தமிழ் அறியாத ஒருவர் படத்தில் தமிழ் சிறந்தது எங்ஙனம் என்று வினவலாம். மொழி தெரியாதமையால்தான் அவர் மொழி தெரிந்த ஒருவரைத் தேடி நம்பவேண்டியிருந்தது என்பது எம் விடை. மொழி தெரிந்த இயக்குநர் தாமே எழுதிவிடலாம் என்று துணிந்திருப்பார். அத்துணிவால் விளைந்த படங்கள் பல உண்டு.

கம்பர் மகன் அம்பிகாபதி, சோழன் மகள் அமராவதி காதற்கதையைத் தமிழ் மாணவர்க்கு விளக்க வேண்டியதில்லை. காதற்சுவை கலவாமல் 100 பாடல் பாடினால் உயிர் தப்பலாம். அமராவதி காப்புச் செய்யுளையும் சேர்த்து எண்ணிவிட, 99இல் நாயகன் தோற்கிறான். இக்கதையைக் கேட்ட டங்கனுக்குத் தம் நாட்டுக் கல்வியில் அறிந்த 'ரோமியோ ஜூலியட்' நினைவுக்கு வந்தது இயல்பே. அந்நாடகத்தின் காதற் பகுதிகளை அவர் இளங்கோவனுக்கு எடுத்துக்காட்ட, அவற்றின் சாயலில் தமிழ்க் காட்சிகள் எழுந்தன. பாகவதர் அம்பிகாபதியாகவும் எம்.ஆர். சந்தானலட்சுமி அமராவதியாகவும் நடித்தனர்; செருகளத்தூர் சாமா கம்பராகத் தோன்றினார்.

ஷேக்ஸ்பியரைத் தமிழ்ப்படுத்துவது அன்று புதிதன்று. பம்மலார் முன்னரே பல நாடகங்களைத் தழுவி எழுதியிருந்தார். ஆனால், இளங்கோவன் செய்தது பெயர்ப்பு அன்று. நாம் இங்குச் சற்று நின்று நோக்குவோம். இரவில் மதிலேறி வந்த காதலனை நோக்கி, காவல் மிகுந்த இடத்திற்கு எப்படி வந்தாய், என் உறவினர் கண்டால் உன் உயிர் என்னாவது என்று ஜூலியட் அஞ்சுகிறாள். இந்த அச்சம் தமிழுக்கு அயலானதா? அகப்பொருள் நூல்களில் இரவுக்குறி என்னும் பகுதியைப் பயின்றவர் உடனே அடையாளம் காண்பர். தலைவன் வரும் வழியின் அருமையை எண்ணித் தலைவி அஞ்சுவதும், நிலவு வெளிப்படுதலும், நாய் குரைத்தலும், ஊர்காவலர் திரிதலும், தாய் துஞ்சாமையும் களவுக்கு இடையூறாவதும் சங்கப் புலவர் பன்முறை பாடியவை. ஆங்கில நாடகத்தின் விதை விழுந்த போது தமிழ் நிலம் அதற்கென்றே உழுது கிடந்தது போல் இருந்தது. அதனால்தான் அக்காட்சி அயல்மணம் வீசாமல் தமிழ்க் காதற்காட்சியாகவே மக்கள் நெஞ்சில் ஏறியது.

இன்னொன்றும் குறிக்கத்தக்கது. அதுவரை திரையில் காதல் என்றால் பாட்டு. காதலர் இருவர் நின்று ஒருவரோடொருவர் பேசுவதைக் கேட்டு மக்கள் மகிழ முடியும் என்பதை 'அம்பிகாபதி' மெய்ப்பித்தது. அதுவும் பாடுவதற்கே பிறந்தவர் எனப்பட்ட பாகவதரை வைத்துக்கொண்டு! பாட்டு ஓய்ந்த பின்னும் மக்கள் இருக்கையில் அமர்ந்து செவி கொடுத்தார்கள். வசனம் எழுதியவர் யார் என்று கேட்கும் பழக்கமே அந்நாளில்தான் தொடங்கிற்று என்பர் திரை வரலாற்றார்.

தொடர்ந்து பாகவதர் நடித்த 'திருநீலகண்டர்' 1939இலும் 'அசோக்குமார்' 1941இலும் இளங்கோவன் வசனத்தோடு வந்தன. முன்னது பெரியபுராணக் கதை. மனைவியின் ஆணையில் வந்த ஒரு பன்மைச் சொல்லைக் கேட்டு, அதனால் எல்லாப் பெண்டிரையும் தீண்டாது வாழ்ந்த குயவர் வரலாறு அது. ஒரு சொல்லின் ஒருமை பன்மையில் ஒரு வாழ்வே தொங்கும் கதை, சொல்லை நம்பிய ஆசிரியர் கையில் வந்தது பொருத்தமே. பின்னது அசோகன் மகன் குணாளன் கதை. அதனைப் பற்றி விரித்துரைக்க இடமில்லை. ஒன்று மட்டும் கூறுவோம்: அசோகனின் இளைய அரசியாக நடித்த பி. கண்ணாம்பாவும் இளங்கோவனும் அப்படத்தில் ஒருவரையொருவர் கண்டுகொண்டனர் என்று சொல்லத் தோன்றுகிறது. அதன் பயன் அடுத்த ஆண்டு விளைந்தது.

கண்ணகி

ஜூபிடர் நிறுவனத்தார் 1942இல் 'கண்ணகி'யை வெளியிட்டனர். பி.யு. சின்னப்பா கோவலன், கண்ணாம்பா கண்ணகி. இயக்கம் ஆர்.எஸ். மணி, எம். சோமசுந்தரம். உ.வே. சாமிநாதையர் சிலப்பதிகாரத்தை அச்சேற்றியது 1892இல். சரியாக ஐம்பது ஆண்டுகள் கழித்து, அப்பெருமகனார் மறைந்த அதே 1942இல், கண்ணகி திரையரங்குகளில் நின்று நீதி கேட்டாள். நூலை ஓதாத இலட்சக்கணக்கான மக்கள் வழக்குரை காதையைச் செவியால் அறிந்தது அப்போதுதான்.

அதற்கு முன்னரும் மேடையில் கோவலன் நாடகம் உண்டு. ஊர்தோறும் நடந்தது. ஆனால், மேடைக் கோவலன் பாட்டில் வாழ்ந்தான். கண்ணகியும் பாடியே நீதி கேட்டாள். இளங்கோவனுக்கு முன் இரு வழிகள் இருந்தன. காப்பியத்தின் அகவலை அப்படியே ஓதச் செய்திருக்கலாம். அவையில் அமர்ந்தோருட் பலர்க்கு அது விளங்கியிராது. வழக்குப் பேச்சில் இறக்கியிருக்கலாம். அரசவையும் கண்ணகியும் சிறுத்துப் போயிருப்பர். அவர் மூன்றாவது வழி ஒன்றைக் கண்டார். சொற்கள் எளியவை, அவற்றை அடுக்கும் முறை உயர்ந்தது. பாமரரும் பொருள் கொள்ளலாம்; ஆயினும், அது தெருவில் பேசும் பேச்சன்று. இன்று 'இலக்கிய நடை வசனம்' என்று நாம் எளிதாகச் சொல்லிவிடுகின்ற ஒன்று அன்றைக்கு இல்லாதிருந்தது. ஒருவர் அதனை ஆக்கவேண்டியிருந்தது.

அவைக்களக் காட்சியில் அந்நடை எவ்வாறு இயங்குகிறது என்பதைப் படத்தைக் காண்பார் உணர்வர். கண்ணகியின் பேச்சுத் தொடக்கத்தில் உரத்ததன்று. கேட்கிறாள், விடை வருகிறது, அவ்விடையிலிருந்தே அடுத்த கேள்வியை எடுக்கிறாள். வழக்காடு மன்றத்தின் முறை அது. குரல் படிப்படியாக ஏறி, பாண்டியன் தேவியின் சிலம்பில் முத்து, தன் சிலம்பில் மாணிக்கம் என்னும் ஒரே சான்றில் வந்து நிற்கிறது. சிலம்பு உடைந்ததும் பேச்சு வேறாகிறது. அதுவரை கேள்வி கேட்டவள் இனிக் கேட்கவில்லை, தீர்ப்புக் கூறுகிறாள். இளங்கோவடிகள் அமைத்த அமைப்பே இது. அதனைக் கெடாமல் உரைநடைக்கு மாற்றியதே இளங்கோவனின் திறம். சிலப்பதிகாரத்தை நன்கு கற்றவரால்தான் இது இயலும்.

இதனைப் பேசிய கண்ணாம்பா ஆந்திரத்தின் ஏலூர்க்காரர், தாய்மொழி தெலுங்கு. தமிழ் வசனத்தைத் தெலுங்கு எழுத்தில் எழுதி வைத்து மனப்பாடம் செய்து பேசுவது அவர் வழக்கம். நாட்டின் பெருங்காப்பிய நாயகி, தாய்மொழி தமிழல்லாத ஒருவர் வாயால் தமிழர் நெஞ்சை உலுக்கினாள். உச்சரிப்பைக் குறை சொன்னவர்கள் கூட அதன்பின் வாயடைத்துப் போனார்கள். எழுதியவரின் வாக்கிய அமைப்பு நடிகையின் மூச்சுக்கு ஏற்றதாக இருந்தாலன்றி இது நிகழ்ந்திருக்காது. நெடிய வாக்கியத்தை எங்கே முறித்தால் மூச்சு விடலாம், எச்சொல்லை இறுதியில் வைத்தால் குரல் விழாது நிற்கும் என்பன இலக்கண நூலில் இல்லாத இலக்கணங்கள். அவற்றைத் தமிழ்த் திரைக்கு முதலில் வகுத்தவர் இளங்கோவன் என்று துணிந்து கூறலாம்.

குறையும் உண்டு, அதனை மறைப்பது முறையன்று. அவைக்களத்தில் ஓங்கி நின்ற அந்நடை எல்லாக் காட்சிக்கும் பொருந்துவதன்று. சின்னப்பா, கண்ணாம்பா இருவரையே கொண்டு 1944இல் ஜூபிடர் வெளியிட்ட 'மகாமாயா' படத்திற்கும் இளங்கோவனே எழுதினார். படம் வெற்றி பெறவில்லை. நூல் வழியாக மக்கள் முன்னரே அறிந்த கண்ணகிக்குப் பொருந்திய உயர்நடை, அவர்கள் அறியாத ஒரு கற்பனை அரசிக்குப் பாரமாயிற்றோ என்று நமக்குத் தோன்றுகிறது.

அதே 1944இன் தீபாவளிக்கு வந்த 'ஹரிதாஸ்' சென்னை பிராட்வே திரையரங்கில் மூன்று தீபாவளிகளைக் கண்டது யாவரும் அறிந்த செய்தி. பாகவதரின் பாடல்களும் டி.ஆர். ராஜகுமாரியின் ஆடலும் பேசப்படும் அளவுக்கு இளங்கோவனின் வசனம் பேசப்படுவதில்லை. ஆயினும், ஒன்றை நினைவிற் கொள்ளவேண்டும். அது போர்க்காலம். கச்சாச் சுருள் கிடைப்பது அரிதாகி, ஒரு படம் 11,000 அடிக்கு மேற்போகலாகாது என்று அரசு விதித்திருந்தது. முன்னர் 17,000, 18,000 அடி என நீண்ட படங்கள் இரண்டு மணி நேரத்திற்குள் அடங்கவேண்டியதாயிற்று. பாகவதர் படத்தில் பாட்டைக் குறைக்க முடியாது. எஞ்சிய இடத்தில் ஒருவன் செருக்குற்று, பெற்றோரை விரட்டி, அனைத்தும் இழந்து, மனம் திருந்துவதைச் சொல்லவேண்டும். 'அம்பிகாபதி'யில் விரித்துச் சொன்னவர் 'ஹரிதாஸி'ல் சுருங்கச் சொன்னார். விரிப்பதினும் சுருக்குவது அரிது என்பதை எழுதுவோர் அறிவர்.

மறைந்த பெயர்

அப்படம் வெளிவந்த சில வாரங்களில் லட்சுமிகாந்தன் கொலை நிகழ்ந்தது. 1944 இறுதியில் பாகவதரும் என்.எஸ். கிருஷ்ணனும் கைதாகி, 1947இல்தான் விடுதலை பெற்றனர். பாகவதர் புகழ் பின்னர் மீளவே இல்லை. சின்னப்பா 1951இல் காலமானார். எவ்விருவர் வாயில் தம் தமிழ் ஒலித்ததோ அவ்விருவர் காலமும் முடிந்ததோடு இளங்கோவன் காலமும் முடிந்தது. அதன் பின்னரும் சில படங்களுக்கு அவர் எழுதினார். பழைய ஒளி இல்லை.

அதற்குள் புதியவர் வந்துவிட்டனர். 1949இல் அறிஞர் அண்ணாவின் 'வேலைக்காரி', 1950இல் கலைஞரின் 'மந்திரி குமாரி', 1952இல் 'பராசக்தி'. 'மந்திரி குமாரி'யை இயக்கிய இருவருள் ஒருவர் யார்? அதே எல்லிஸ் டங்கன். 'அம்பிகாபதி' முதல் 'மந்திரி குமாரி' வரை, திரைத்தமிழ் உரைநடையின் தொடக்கத்தையும் திருப்பத்தையும் படம் பிடித்தவர் தமிழறியாத ஒருவர். 'கண்ணகி'யின் கதை சிலப்பதிகாரம். 'மந்திரி குமாரி'யின் கதைக்கரு குண்டலகேசி. இரண்டும் ஐம்பெருங்காப்பியத்துள் அடங்கியவை. தொடர்ச்சி இத்துணைத் தெளிவாக இருந்தும், அடுக்குமொழி வசனம் ஏதோ ஒருநாளில் திடுமெனத் தோன்றியது போலப் பேசுகின்றோம்.

இருவகை வசனத்திற்கும் வேறுபாடு உண்டு. இளங்கோவனின் மாந்தர் எதிரே நிற்பவரோடு பேசினர். பின்வந்தோரின் மாந்தர் எதிரே நிற்பவரைத் தாண்டி, இருளில் அமர்ந்திருந்த மக்களோடு பேசினர். அம்மக்களிடம் சொல்லவேண்டிய செய்தி அவர்களுக்கு இருந்தது; சொல்ல ஓர் இயக்கமும் இருந்தது. இதனைத் தாழ்வாகக் கூறவில்லை. காலத்தின் தேவை அது. ஆனால், நூற்றுக்கணக்கான மக்களைக் கட்டிப் போட ஒரு பெண்ணின் நெடும்பேச்சே போதும் என்பதை முதலில் மெய்ப்பித்தது 'கண்ணகி'யின் அவைக்களம். அவ்வாயிலைத் திறந்து வைத்தவர் தாம் அதன் வழியே உள்ளே செல்லவில்லை. அவர்க்குக் கட்சியில்லை, மேடையில்லை, தம் பெயரைச் சொல்ல ஒரு கூட்டமில்லை.

இன்னுமொரு காரணம் அச்சு. அந்நாளில் திரையரங்க வாயிலில் பாட்டுப் புத்தகம் விற்பார்கள். கதைச்சுருக்கமும் பாடல்களும் அதில் இருக்கும், வசனம் இராது. 'பராசக்தி' காலத்தில் வசனமே நூலாக விற்றது, இசைத்தட்டில் ஒலித்தது, இளைஞர் மனப்பாடம் செய்தனர். இளங்கோவனுக்கு அப்பேறு கிட்டவில்லை. அவர் கதைகளையும் பின்வந்தோர் எடுத்துக்கொண்டனர். 1957இல் சிவாஜி கணேசன் நடிக்க மற்றோர் 'அம்பிகாபதி' வந்தது. 1964இல் கலைஞர் எழுத்தில் 'பூம்புகார்' வந்தது. புதியது வந்து பழையதன் இடத்தில் அமர்ந்தது.

அவர் எழுத்து இன்று இருப்பது படச்சுருளில் மட்டுமே. அக்காலச் சுருள் எளிதில் தீப்பற்றுவது. காலத்தால் உருகி ஒட்டுவது. 'சிந்தாமணி' போன்ற பெரும் வெற்றிப் படங்களே அழிந்தொழிந்தன. 'கண்ணகி'யும் 'ஹரிதாஸு'ம் இன்று காணக் கிடைப்பது நம் நற்பேறு.

எம் துறை மாணவர் சிலர் இவ்வாண்டு 'கண்ணகி'யின் அவைக்களக் காட்சியைக் கேட்டு எழுதும் பணியில் இறங்கினர். ஒருவர் கேட்டுச் சொல்ல ஒருவர் எழுத, மற்றொருவர் சிலப்பதிகாரத்தை விரித்து ஒப்பிட்டார். வகுப்பில் 'இளங்கோவடிகள்' என்று விடை சொன்ன மாணவரே அவ்வாறு ஒப்பிட்டவர். நான்கு மாலைகள் ஆயின. பெரும்பகுதி தெளிவாகக் கிடைத்துவிட்டது. ஓரிடத்தில் மட்டும் ஒலி கரகரத்து ஒரு சொல் மறைகிறது. முன்னும் பின்னும் உள்ள சொற்களைக் கொண்டு மூவர் மூன்று பாடம் கூறினர், மூன்றும் பொருந்துகின்றன. சுவடி பதிப்பித்த முன்னோர் சிதைந்த இடத்தில் செய்தது போலவே நாமும் அவ்விடத்தில் புள்ளிகள் இட்டு வைத்திருக்கிறோம். அச்சொல்லைத் திரையரங்கில் கேட்டு நினைவில் வைத்திருக்கும் முதியவர் எவரேனும் இருப்பின், துறைக்கு ஒரு வரி எழுத வேண்டுகிறோம்.